எந்தக் கட்டத்துக்கு விளிம்பு? விதி சொல்லட்டும்

ஹீட்மேப் வரைபவர்களிடையே ஒரு கருத்து கேள்விக்கு ஆளாகாமலேயே நிலைத்துவிட்டது. தரவைத் திரட்டுவதும் கணக்கிடுவதும்தான் ஆய்வு. வண்ணக் கட்டங்களை வரைந்து முடித்த பிறகு அவற்றில் நாலைந்தைத் தேர்ந்தெடுத்துக் கறுப்பு விளிம்பு போடுவதோ நட்சத்திரக் குறி வைப்பதோ படத்துக்குச் செய்யும் கடைசி ஒப்பனை. இப்படி நினைப்பதால்தான் பைத்தான் கற்றுத்தரும் பாடங்களில் இந்த வேலை இரண்டு மூன்று வரிகளில் முடிந்துபோகிறது. பைத்தானின் வரைபட நூலகமான மேட்பிளாட்லிப்பில் செவ்வகம் வரையும் கட்டளை, அதற்கு இடம் காட்ட இரண்டு எண்கள், உள்ளே நிறம் வேண்டாம் என்று ஒரு குறிப்பு, அவ்வளவுதான். எந்தக் கட்டத்துக்கு விளிம்பு போடுவது என்ற கேள்வி அங்கே எழுவதே இல்லை. பலர் அந்த மூன்று வரியைக்கூட எழுதாமல், படத்தை பவர்பாயிண்டிலோ இல்லஸ்ட்ரேட்டரிலோ திறந்து மவுஸால் இழுத்து ஒரு பெட்டி வரைந்துவிடுகிறார்கள். இந்தக் கருத்து தவறு என்பதே என் வாதம். வண்ணங்கள் தரவில் இருப்பதைக் காட்டுகின்றன. "இதைப் பார், இதுதான் முக்கியம்" என்று சொல்வது விளிம்பு. அதைச் சொல்பவர் படத்தை வரைந்தவர். ஒரு கட்டுரையின் முடிவுரையில் எழுதும் வாக்கியத்துக்கு என்ன பொறுப்பு உண்டோ, அதே பொறுப்பு இதற்கும் உண்டு. ஆகவே எந்தக் கட்டம் என்பதைத் தரவின் மேல் இயங்கும் ஒரு விதி தீர்மானிக்க வேண்டும். அந்த விதி புரோகிராமுக்குள் எழுதப்பட்டிருக்க வேண்டும். படத்தின் அடியில் வாசகருக்கும் சொல்லப்பட வேண்டும்.

விளிம்புக்கு ஏன் இவ்வளவு கனம் என்று கேட்கலாம். ஹீட்மேப் பிறந்த காரணத்திலேயே விடை இருக்கிறது. 1873இல் துசேன் லுவா என்பவர் பாரிஸ் நகரத்தின் 20 வட்டங்களைப் பற்றிய 40 வரைபடங்களின் செய்தியை ஒரே வண்ணக் கட்ட அட்டவணையாகச் சுருக்கினார். நூற்றுக்கணக்கான எண்களை ஒரே பார்வையில் மேலோட்டமாக அளக்க உதவுவதே இந்த வகைப் படத்தின் பலம். தனித்தனி மதிப்பைத் துல்லியமாகப் படிப்பதற்கு அது உதவாது. வில்லியம் கிளீவ்லண்டும் ராபர்ட் மெக்கிலும் 1984இல் வெளியிட்ட ஆய்வில், அளவை உணர்த்தும் வழிகளில் இடநிலையை முதலிலும் நிறத்தைக் கடைசி வரிசையிலும் வைத்தார்கள். அது மட்டுமல்ல, ஒரே சாயல் கொண்ட இரண்டு கட்டங்கள், சுற்றியுள்ள கட்டங்களின் நிறத்தைப் பொறுத்து வெவ்வேறாகத் தெரியும். இப்படி மங்கலாகவும் தயக்கத்தோடும் படிக்கப்படும் ஒரு பரப்பில் கூர்மையான கறுப்புக் கோடு ஒன்று விழுந்தால் என்ன ஆகும்? ஆன் டிரைஸ்மன் 1980இல் தன் சக ஆய்வாளரோடு முன்வைத்த கவனக் கோட்பாடு இதற்கு விளக்கம் தருகிறது. சுற்றியிருப்பவற்றிலிருந்து ஒரே ஓர் அம்சத்தில் வேறுபடும் பொருள், தேடாமலேயே கண்ணில் படும். வாசகர் முதலில் பார்ப்பது விளிம்பிட்ட கட்டங்களை. பிறகு பார்ப்பதும் அவற்றைத்தான். மற்ற கட்டங்கள் எல்லாம் பின்னணியாகிவிடுகின்றன. "வண்ணம் எல்லாம் அப்படியே இருக்கிறதே, வாசகர் தானே ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்ளலாமே" என்று சொல்பவர்கள், அந்த ஒப்பீட்டையே விளிம்பு நிறுத்திவிடுகிறது என்பதைக் கணக்கில் எடுப்பதில்லை.

இனி, எந்தக் கட்டங்கள் தேர்ந்தெடுக்கப்படுகின்றன என்பதைப் பார்ப்போம். மிகச் சாதாரணமான படம் ஒன்றை எடுத்துக்கொள்வோம்: 20 மாறிகளுக்கு இடையிலான ஒட்டுறவு அணி. அதில் வேறுவேறான இணைகள் 190. ஒவ்வோர் இணைக்கும் தனித்தனியாகச் சோதனை செய்து, பி மதிப்பு 0.05க்குக் கீழே போகும் கட்டங்களுக்கு நட்சத்திரம் வைப்பது பெருவழக்கு. எந்த இரண்டு மாறிகளுக்கும் இடையே உண்மையில் தொடர்பே இல்லை என்று வைத்துக்கொண்டாலும், 190இல் 5 சதவீதம், அதாவது சராசரியாக ஒன்பது பத்துக் கட்டங்கள், வெறும் தற்செயலால் நட்சத்திரம் பெற்றுவிடும். அந்தப் பத்து நட்சத்திரங்களைப் பார்த்துவிட்டு அவற்றுக்குக் காரணம் கண்டுபிடிப்பது யாருக்கும் கடினமில்லை. மனித மனம் காரணம் கற்பிப்பதில் வல்லது. பல சோதனைகள் செய்வதைக் கணக்கில் எடுத்து போன்ஃபெரோனி முறையில் திருத்தினால், 0.05 என்ற எல்லை ஏறத்தாழ 0.00026க்கு இறங்கும். அது மிகக் கடுமை என்று தோன்றினால், பென்ஜமினியும் ஹோக்பெர்கும் 1995இல் தந்த, பொய்க் கண்டுபிடிப்புகளின் விகிதத்தைக் கட்டுப்படுத்தும் முறை இருக்கிறது. பைத்தானிலும் ஆர் மொழியிலும் ஒரே வரியில் அதை அழைக்கலாம். ஆனால் விளிம்பு போடுவதை ஒப்பனை என்று நினைப்பவர், ஒப்பனைக்கு எதற்குத் திருத்தம் என்றுதான் கேட்பார்.

திருத்தம் இல்லாத எடுத்துக்காட்டல் எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கு அறிவியல் உலகமே அறிந்த சான்று ஒன்று உண்டு. கிரெய்க் பென்னட்டும் அவருடைய சக ஆய்வாளர்களும் ஒரு செத்த சால்மன் மீனை மூளை ஸ்கேன் கருவியில் வைத்து, மனிதர்கள் பழகும் காட்சிகளைக் கொண்ட படங்களை அதற்குக் "காட்டி", வழக்கமான முறையில் தரவை ஆராய்ந்தார்கள். 2009இல் அதன் முடிவை ஒரு மாநாட்டில் வைத்தார்கள். திருத்தம் செய்யாமல் 0.001 என்ற எல்லையை வைத்தபோது, செத்த மீனின் மூளைப் பகுதியில் சில கட்டங்கள் ஒளிர்ந்தன. பல சோதனைகளுக்கான திருத்தத்தைச் செய்ததும் அவை மறைந்துபோயின. மூளை ஸ்கேன் படம் என்பது அடிப்படையில் ஆயிரக்கணக்கான கட்டங்களில் தேர்ந்தெடுத்த சிலவற்றை மட்டும் வண்ணமிட்டுக் காட்டும் படம்தான். 0.001 என்பது 0.05ஐ விட ஐம்பது மடங்கு கடுமையான எல்லை. அதுவே இறந்த உயிருக்குச் சிந்தனை இருப்பதாகக் காட்டியது. நம்முடைய ஒட்டுறவு அணிகளில் 0.05ஐ வைத்துக்கொண்டு விளிம்பு போடும்போது இதை நினைவில் வைக்க வேண்டும்.

தட்பவெப்பவியலிலும் இதே கதைதான். உலக வரைபடத்தைச் சிறு கட்டங்களாகப் பிரித்து, முக்கியமானவை என்று கருதப்படும் கட்டங்களில் புள்ளிகள் இடுவது அத்துறையின் மரபு. லிவ்சியும் சென்னும் 1983லேயே இதன் ஆபத்தை விளக்கி எழுதினார்கள். மூன்று பத்தாண்டுகள் கழித்து, 2016இல், டேனியல் வில்க்ஸ் அமெரிக்க வானிலையியல் சங்கத்தின் இதழில் அதே குறையை மறுபடியும் எடுத்துச்சொல்ல வேண்டியிருந்தது. ஆய்வு முடிவுகள் வழக்கமாகவே மிகைப்படுத்தப்படுகின்றன என்பதைக் கட்டுரைத் தலைப்பிலேயே சொன்னார். அவர் வாதத்தில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது ஒன்று: அடுத்தடுத்த இடங்களின் மதிப்புகள் ஒன்றோடொன்று ஒத்துப்போவதால், தற்செயலாக விழும் பொய்க் குறிகளும் சிதறிக் கிடக்காமல் திட்டுத் திட்டாகச் சேர்கின்றன. திட்டாகத் தெரிவது உண்மை என்றே கண்ணுக்குப் படுகிறது. ஒத்த நிரைகளைப் பக்கத்தில் பக்கத்தில் அடுக்கித் தரும் கொத்து ஹீட்மேப்பிலும் இது அப்படியே நடக்கும். அங்கே விளிம்புகள் கும்பலாக விழுந்தால் அது வலுவான சான்று என்று எண்ணத் தோன்றும். பெரும்பாலும் அது ஒரே செய்தி பல முறை எண்ணப்பட்டதன் விளைவுதான்.

இதுவரை சொன்னது எதைத் தேர்ந்தெடுப்பது என்பது பற்றி. தேர்ந்தெடுத்த கட்டத்தின் மேல்தான் விளிம்பு விழுகிறதா என்பதே தனிக் கேள்வி. கையால் எண்களை எழுதி விளிம்பு போடுபவர்கள் அதிகம் ஏமாறுவது இங்கேதான். அணியில் ஒரு கட்டத்தைக் குறிக்கும்போது நிரையின் எண்ணை முதலிலும் நிரலின் எண்ணை அடுத்தும் சொல்கிறோம். மேட்பிளாட்லிப்பின் செவ்வகக் கட்டளையோ கிடைத்தூரத்தை முதலிலும் செங்குத்துத் தூரத்தை அடுத்தும் கேட்கிறது. அதாவது நிரல் முதலில், நிரை பிறகு. இரண்டையும் மாற்றாமல் அப்படியே கொடுத்தால் விளிம்பு மூலைவிட்டத்தின் மறுபக்கத்தில் போய் விழும். ஒட்டுறவு அணி சமச்சீரானது. மறுபக்கத்துக் கட்டத்திலும் அதே மதிப்புத்தான் இருக்கும். அதனால் தவறு வெளியே தெரியாது; சரியாக வந்துவிட்டது என்று நம்பி அதே வரிகளை அடுத்த வேலைக்கும் எடுத்துச் செல்வார்கள். அந்த அடுத்த வேலை, ஒரு நோயறி மாதிரியின் சரி தவறுகளைக் காட்டும் குழப்ப அணியாக இருக்கட்டும். அங்கே நிரை உண்மை நிலை, நிரல் கணிப்பு. நோயுள்ளவரை நோயில்லை என்று சொன்ன கட்டமும், நோயில்லாதவரை நோயுள்ளவர் என்று சொன்ன கட்டமும் மூலைவிட்டத்தின் இரு பக்கங்களிலும் எதிரெதிரே இருக்கின்றன. மருத்துவத்தில் இவை இரண்டும் ஒரே தவறல்ல. முதலாவது உயிரைப் பறிக்கக்கூடியது. விளிம்பு இடம் மாறி விழுந்தால் படம் சொல்லும் செய்தியே தலைகீழாகிவிடும். எந்தப் பிழைச் செய்தியும் திரையில் வராது.

இடக்கணக்கும் நூலகத்துக்கு நூலகம் மாறுகிறது. மேட்பிளாட்லிப்பின் இம்ஷோவில் கட்டத்தின் நடுப்புள்ளி முழு எண்ணில் இருக்கும். எனவே விளிம்பை அரை அளவு பின்னால் தள்ளித் தொடங்க வேண்டும். சீபார்னின் ஹீட்மேப்பில் கட்டத்தின் மூலையே முழு எண்ணில் இருக்கும், தள்ளத் தேவையில்லை. ஒன்றுக்கு எழுதியதை மற்றொன்றில் போட்டால் விளிம்பு நான்கு கட்டங்களின் சந்திப்பில் அமரும். இதாவது கண்ணுக்குத் தெரியும் பிழை. கொத்து வரைபடத்தில் நேர்வது அப்படித் தெரிவதில்லை. சீபார்னின் கிளஸ்டர்மேப் நிரைகளையும் நிரல்களையும் ஒற்றுமைக்கு ஏற்ப வரிசை மாற்றி அடுக்குகிறது. மூல அட்டவணையில் ஏழாவது நிரையாக இருந்தது படத்தில் இருபதாவதாக இருக்கலாம். "ஏழாவது நிரை, மூன்றாவது நிரல்" என்று கையால் எழுதியவரின் விளிம்பு, சம்பந்தமே இல்லாத ஒரு கட்டத்தின் மேல் கச்சிதமாகப் பொருந்தி நிற்கும். மாற்றிய வரிசையை அந்த நூலகமே பதிந்து வைத்திருக்கிறது. அதைக் கேட்டு வாங்கித்தான் இடத்தைக் கணக்கிட வேண்டும். ஆர் மொழியின் காம்ப்ளெக்ஸ்ஹீட்மேப் இந்தச் சிக்கலை அழகாகத் தீர்த்திருக்கிறது. ஒவ்வொரு கட்டத்தையும் வரையும்போது மூல அணியில் அதன் நிரை எண்ணையும் நிரல் எண்ணையும் தருகிறது. "இந்த மதிப்பு இந்த நிபந்தனைக்கு உட்பட்டால் விளிம்பு போடு" என்று எழுதினால் போதும். மேட்பிளாட்லிப்பில் இதற்கு இணையான வழி, மதிப்புகளின் அணியிலிருந்தே உண்மை, பொய் என்ற இரண்டே மதிப்புகள் கொண்ட அணி ஒன்றை நிபந்தனையால் உருவாக்கி, உண்மை என்று வரும் இடங்களில் மட்டும் செவ்வகம் வரைவது. எந்தக் கட்டத்தின் எண்ணையும் கையால் எழுதவே கூடாது. இது வெறும் புரோகிராமிங் ஒழுங்கு என்று நினைக்க வேண்டாம். விதிதான் விளிம்பைப் போட்டது, விருப்பம் போடவில்லை என்பதற்கு இருக்கும் ஒரே சாட்சி அந்த நிபந்தனை வரி.

ஒரே ஒரு படத்துக்கு இவ்வளவு எதற்கு, கையால் போட்டால் ஐந்து நிமிடத்தில் முடியுமே என்ற மறுப்பு வரும். ஒரே படம் ஒரே தடவை வரையப்பட்டால் அது சரி. நடைமுறையில் மதிப்புரையாளர் ஒரு மாதிரியை நீக்கச் சொல்வார், விடுபட்ட தரவு வந்து சேரும், எண்கள் மாறும். வண்ணங்கள் புதிய எண்களுக்கு ஏற்ப மாறிவிடும். கையால் வரைந்த பெட்டி பழைய இடத்திலேயே நிற்கும். தரவு ஒன்று சொல்ல, விளிம்பு நேற்றைய தரவைச் சொல்லிக்கொண்டிருக்கும்.

இதைவிட வலுவான மறுப்பு ஒன்று உண்டு. புரோகிராமில் எழுதினால் மட்டும் நேர்மை வந்துவிடுமா? தனக்குப் பிடித்த ஐந்து கட்டங்கள் மட்டும் தேறும்படி, படத்தைப் பார்த்துவிட்டு 0.43 என்று ஓர் எல்லையை வைத்துக்கொள்ள முடியாதா? முடியும். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் 0.43 என்ற எண் புரோகிராமில் எழுதப்பட்டு, படத்தின் அடியில் அச்சிடப்பட்டால், ஏன் 0.4 இல்லை, ஏன் 0.5 இல்லை என்று எவரும் கேட்கலாம். எல்லையை மாற்றி ஓட்டிப் பார்த்து, எத்தனை கட்டங்கள் வந்து போகின்றன என்று சோதிக்கலாம். மவுஸால் வரைந்த பெட்டியிடம் கேட்பதற்கு ஒன்றுமே இல்லை. ஏமாற்றை விதி முற்றாகத் தடுத்துவிடும் என்பது என் வாதமல்ல. ஏமாற்று நடந்தால் அதைக் காட்டிக்கொடுக்கும் தடயம் அதில் மட்டும்தான் இருக்கிறது.

எதிர்த்திசையில் இருந்தும் ஒரு குரல் வருகிறது. குறியே வேண்டாம், தரவு தானே பேசட்டும் என்பது அது. தூய்மையாகத் தோன்றும் இந்த நிலைப்பாட்டையும் ஏற்க முடியாது. எந்த நிற வரிசை, அதன் இரு முனைகள் எந்த எண்களில், நடுப்புள்ளி எங்கே என்ற தேர்வுகளே சில கட்டங்களை முன்னுக்குக் கொண்டுவருகின்றன. மேட்பிளாட்லிப்பில் நெடுங்காலம் இயல்பு நிறமாக இருந்த ஜெட், தரவில் இல்லாத எல்லைகளை மஞ்சள் பட்டைகளாகக் காட்டியது. 2017இல் வந்த 2.0 பதிப்பில்தான் விரிடிஸ் அதன் இடத்துக்கு வந்தது. குறி இல்லாத படமும் எதையோ எடுத்துக்காட்டிக்கொண்டுதான் இருக்கிறது, சொல்லாமல். மேலும், நல்ல குறி எவ்வளவு விளங்க வைக்கும் என்பதற்கு 2015 பிப்ரவரியில் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் வெளியிட்ட தொற்றுநோய்ப் படங்கள் சாட்சி. அமெரிக்க மாநிலங்கள் நிரைகளாக, ஆண்டுகள் நிரல்களாக, தட்டம்மை நோயின் அளவு வண்ணமாக. அதில் 1963ஆம் ஆண்டில் ஒரே ஒரு நெடுங்கோடு: தடுப்பூசி வந்த ஆண்டு. கோட்டுக்கு இடப்புறம் கொதிக்கும் நிறங்கள், வலப்புறம் சில ஆண்டுகளிலேயே அடங்கிப்போகும் நிறங்கள். அதன் வண்ண அளவுகோலைக் குறை சொல்ல இடமிருக்கிறது. கோட்டைக் குறை சொல்ல இடமில்லை; ஏனெனில் அதன் இடத்தைத் தீர்மானித்தது நோய்க் கணக்கு அல்ல. தடுப்பூசிக்கு அனுமதி கிடைத்த ஆண்டு, படத்துக்கு வெளியே, யார் வேண்டுமானாலும் சரிபார்க்கக்கூடிய செய்தி. நிறம் எங்கே மாறுகிறது என்று பார்த்துவிட்டு அங்கே கோடு போட்டிருந்தால் அந்தப் படத்துக்கு இந்த நம்பகத்தன்மை கிடைத்திருக்காது. குறியின் விதி தரவைப் பார்ப்பதற்கு முன்பே நிலைபெற்றிருந்தால் குறி எத்தனை வலுப்பெறுகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டை நான் அறியேன்.

குறி எந்த வடிவத்தில் இருக்க வேண்டும் என்பதும் இதே வாதத்தின் தொடர்ச்சி. தேர்ந்த கட்டங்களுக்கு வேறு நிறம் பூசிவிடுவது, தேறாத கட்டங்களை வெள்ளையாக்கிவிடுவது, இரண்டும் பரவலாக இருக்கின்றன. இரண்டையும் கைவிட வேண்டும். நிறம் என்பது அங்கே மதிப்பைச் சொல்லும் மொழி. அதை அழித்துவிட்டுக் குறி போட்டால் சான்றை மறைத்துவிட்டுத் தீர்ப்பை மட்டும் வாசிப்பதாகும். வெள்ளையாக்குவது இன்னும் மோசம். 30 பேரின் தரவில் 0.05 எல்லையைத் தாண்ட ஒட்டுறவுக் கெழு ஏறத்தாழ 0.36 இருக்க வேண்டும். ஒரு கட்டத்தில் 0.37, பக்கத்துக் கட்டத்தில் 0.35 என்றால், முதலாவது அடர்நிறத்தோடு நிற்கும், இரண்டாவது வெள்ளையாகிப் பூஜ்யம் போலத் தெரியும். இரண்டுக்கும் இடையே பொருட்படுத்தத்தக்க வேறுபாடே இல்லை. கெல்மனும் ஸ்டெர்னும் 2006இல் எழுதிய கட்டுரையின் சாரம் இதுதான்: ஒன்று எல்லையைத் தாண்டியது, மற்றொன்று தாண்டவில்லை என்பதால் இரண்டும் வேறுபட்டவை என்று ஆகிவிடாது. ஆகவே நிறத்தைத் தொடாத மெல்லிய விளிம்பே தகுந்த குறி. உள்ளே இருக்கும் மதிப்பும் பக்கத்துக் கட்டத்தின் மதிப்பும் அப்படியே தெரிய வேண்டும். காலநிலை மாற்றத்துக்கான அரசுகளுக்கிடையிலான குழு 2021இல் வெளியிட்ட ஆறாவது மதிப்பீட்டு அறிக்கையின் முதல் பகுதியில் செய்த மாற்றம் இன்னும் ஒரு படி மேலே போகிறது. உறுதியான இடங்களைக் குறியில்லாமல் விட்டு, உறுதியற்ற இடங்களின் மேல் சாய்கோடுகளை இட்டார்கள். வாசகரின் கண்ணை ஐயத்தின் பக்கம் திருப்பிய அந்த முடிவு, குறி என்பது கூற்று என்பதை உணர்ந்தவர்கள் எடுத்த முடிவு என்றே நான் மதிக்கிறேன்.

துறை அறிவுள்ள ஒருவர், எண்ணில் அடங்காத காரணத்துக்காக ஒரு கட்டத்தைக் காட்ட விரும்பினால் என்ன செய்வது என்று சிலர் கேட்பார்கள். தாராளமாகக் காட்டலாம். முன்னரே வெளியான ஆய்வில் பேசப்பட்ட மரபணு, கொள்கை மாறிய மாவட்டம், கருவி பழுதான நாள் என்று எதுவாகவும் இருக்கட்டும். ஆனால் அதை எண்ணால் சுட்டாமல் பெயரால் சுட்டி, காரணத்தைப் பக்கத்திலேயே எழுதி, அந்தப் பட்டியலைப் புரோகிராமின் தொடக்கத்தில் வைக்க வேண்டும். பெயரால் சுட்டினால் வரிசை மாறினாலும் விளிம்பு கூடவே போகும். கணக்கு தேர்ந்தெடுத்த கட்டத்துக்கு ஒரு வகைக் கோடு, மனிதர் தேர்ந்தெடுத்ததற்கு வேறு வகைக் கோடு என்று பிரித்துக் காட்டினால் வாசகருக்கு எந்தக் குழப்பமும் வராது.

இதழாசிரியர்களிடமும், ஆய்வு வழிகாட்டிகளிடமும், பைத்தானும் ஆரும் கற்பிக்கும் ஆசிரியர்களிடமும் நான் கேட்பது சிறிய மாற்றம்தான். விளிம்பிட்ட ஹீட்மேப் ஒன்று உங்கள் முன் வந்தால் மூன்று செய்திகள் படத்தின் அடியில் இருக்கின்றனவா என்று பாருங்கள்: விளிம்பைத் தீர்மானித்த நிபந்தனை, அது எத்தனை கட்டங்களில் சோதிக்கப்பட்டது, பல சோதனைகளுக்கான திருத்தம் செய்யப்பட்டதா. இவற்றோடு விளிம்பை வரைந்த புரோகிராம் வரிகளையும் கேட்டு வாங்குங்கள். தர முடியாதவரிடம் விளிம்பை நீக்கிவிட்டுப் படத்தை அனுப்பச் சொல்லுங்கள்.